ஈஎம்டி (டெண்டருக்கு கட்டற முன்வைப்புத் தொகை) விலக்கு இருக்குன்னு நம்பி டெண்டர் போட்டோம், டெக்னிக்கல்லயே தூக்கிட்டாங்க. கோர்ட்டுக்கு போலாமா?

கட்டில்பட்டறை கொழிஞ்சாம்பாறை

வணக்கமுங்க எல்லாருக்கும். நான் பாலக்காடு ஜில்லா கொழிஞ்சாம்பாறைங்க, வேலந்தாவளம் ரோட்டுல சின்னதா ஒரு ஸ்டீல் பட்டறை வெச்சிருக்கேன். ஹாஸ்டல் கட்டில், டெஸ்க் பெஞ்சு, ஃபைல் ரேக்கு இதெல்லாம் பண்றோம், என்னையும் சேத்து ஒம்பது பேரு. பைப்பு கோயமுத்தூர்ல இருந்து வருது, கட்டிங், வெல்டிங், பவுடர் கோட்டிங் எல்லாம் நம்ம ஷெட்டுலயேதான்.

கேரளாவுல இருக்கற ஒரு மத்திய அரசு நிறுவனம், அரசு ஆபீசுங்க ஆன்லைன்ல பொருள் வாங்கற ஜெம் போர்ட்டல்ல 400 கட்டிலுக்கு பிட் விட்டிருந்தாங்க. கட்டிலுக்கு 9,500 மேனிக்கு போட்டா 38 லட்சம், ஈஎம்டி 76,000. சிறு குறு தொழிலுக்கு ஈஎம்டி விலக்குன்னு பிட்லயே எழுதியிருந்துச்சு, நம்மகிட்ட சிறுதொழில் பதிவுக்கான உத்யம் சர்டிபிகேட் இருக்கு, அதனால அதை மட்டும் அப்லோடு பண்ணிட்டு அந்த காசுல பைப்பு எடுத்துட்டேன். முந்தாநேத்து சாயங்காலம் டெக்னிக்கல் ரிசல்ட்டு வந்துச்சு. டிஸ்குவாலிஃபைடு. காரணம்னு இங்கிலீஷ்ல ஒத்தை வரி, ஈஎம்டி கட்டல, நீங்க வியாபாரி அதனால விலக்கு பொருந்தாதுன்னு.

எனக்கு தலையே சுத்திருச்சுங்க. பதினாலு வருசமா கையில வெல்டிங் பொறி பட்டு தழும்பு நிக்குது, என்னைய போயி வியாபாரின்னா எப்படிங்க? அப்பறம் சர்டிபிகேட்ட எடுத்து நிதானமா பாத்தேன். மேஜர் ஆக்டிவிட்டின்னு இருக்கற இடத்துல மேனுஃபேக்சரிங்னுதான் இருக்கு. ஆனா கீழ என்ஐசி கோடு, அதாவது என்ன தொழில்னு காட்டற நம்பர் பட்டியல்ல 31-ல ஆரம்பிக்கறது ஒண்ணு, அது பர்னிச்சர் தயாரிப்பு, அதுக்கடுத்து 46-ல ஆரம்பிக்கறது ஒண்ணு, அது மொத்த வியாபாரம். பதிவு பண்றப்ப சென்டர்ல இருந்த பையன் "அண்ணா வெளிய பொருள் வாங்கியும் விப்பீங்களா"ன்னு கேட்டான், எப்பவாச்சும் பிளாஸ்டிக் சேர் வாங்கி விப்போமுன்னு சொன்னேன், அவன் அதையும் சேத்துட்டான். அந்த ஒரு வரிய பாத்துட்டு தூக்கிட்டாங்கன்னு நெனைக்கறேன்.

இப்ப மிச்சம் நாலு கம்பெனி இருக்கு, அதுல ரெண்டு பேரு பெரிய ஆளுங்க. விலை கவர் இன்னும் பிரிக்கல. ஹைகோர்ட்டுல ரிட்டு மனு போட்டா நிக்குமா? எவ்வளவு ஆகும்? இல்ல லெட்டர் எழுதுனா போதுமா? இதுல டர்ன்ஓவர் 1 கோடி 20 லட்சம் கேட்டிருந்தாங்க, நம்மளுது 70 லட்சம்தான் வரும், ஆனா எம்எஸ்இக்கு, அதாவது சிறு குறு தொழிலுக்கு, அதுவும் வேண்டாம்னுதானே எல்லாரும் சொல்றாங்க? தெரிஞ்சவங்க கொஞ்சம் சொல்லுங்க, ராத்திரி தூக்கமே இல்லீங்க.

நகரி தறிக்காரர்

தம்பி, உன் பதிவ படிச்சதும் எனக்கு மூணு வருசத்துக்கு முன்னாடி என் வீட்டுல நடந்ததே கண்ணு முன்னாடி வந்துடுச்சு. நாங்க ஆந்திரா பக்கம் நகரி, பவர்லூம் போட்டிருக்கோம், பெட்ஷீட்டு டவல். ஆஸ்பத்திரி பெட்ஷீட்டுக்கு ஒரு மத்திய அரசு டெண்டர் போட்டேன், உன்ன மாதிரியே உத்யம் வெச்சு ஈஎம்டி கட்டல, தூக்கிட்டாங்க.

ஆனா உனக்கும் எனக்கும் ஒரு வித்தியாசம் இருக்கு. என் சர்டிபிகேட்டுல மேஜர் ஆக்டிவிட்டியே டிரேடிங்னு இருந்துச்சு. நூலு வாங்கி பக்கத்து தறிக்காரங்களுக்கும் கூலிக்கு குடுப்பேன், ஆடிட்டர் அத பாத்து அப்படி போட்டுட்டாரு, நானும் பாக்கல. 2021 ஜூலையில எம்எஸ்எம்இ அமைச்சகம் ஒரு உத்தரவு போட்டாங்க, சில்லறை மொத்த வியாபாரிங்களும் உத்யம்ல பதியலாம், ஆனா அவங்களுக்கு பேங்க் கடன்ல முன்னுரிமை துறைன்னு வர்ற சலுகை மட்டும்தான், வேற ஒண்ணும் கெடையாதுன்னு. அதனால சர்டிபிகேட் கையில இருந்தா மட்டும் போதாது, அதுல என்ன எழுதியிருக்குங்கறதுதான் விஷயம். இது எனக்கு கோர்ட்டுல எதிர்த்தரப்பு வக்கீல் படிச்சு காட்டுனப்பதான் தெரிஞ்சுது.

அடுத்து நான் பண்ண பெரிய தப்பு, லேட். தூக்கின அன்னைக்கே கேட்டிருக்கணும். நான் அந்த ஆபீசுக்கு நேர்ல போயி ரெண்டு தடவ நின்னேன், "சார் மீட்டிங்ல இருக்காரு"ன்னாங்க, யாரோ எம்எல்ஏ ஆளு பேசறேன்னான், அத நம்பி ஒக்காந்துட்டேன். வக்கீல புடிச்சு ரிட்டு போடறதுக்குள்ள 40 நாள் ஓடிப்போச்சு. அதுக்குள்ள ஆர்டர் குடுத்து பாதி சரக்கு போயி சேந்துடுச்சு. ஜட்ஜ் கேட்ட மொதல் கேள்வியே எப்ப ரிஜெக்ட் ஆச்சு, இத்தன நாளு எங்க இருந்தீங்கன்னுதான். கால் மணி நேரத்துல முடிஞ்சுது. எனக்கு கைய விட்டு போனது 65,000. ஈஎம்டியே 48,000தான், அத கட்டியிருந்தா கூட திரும்பி வந்திருக்கும்.

உனக்கு மேனுஃபேக்சரிங்னு இருக்கு, கவர் பிரிக்கல, நாளும் ரெண்டுதான் ஆச்சு. நீ இன்னைக்கு ராத்திரியே எழுது. நாளைக்குன்னு வெக்காத.

பாறசாலை ரிட்டயர்டு

நான் ஒரு மத்திய அரசு ஆபீசில் பர்ச்சேஸ் செக்ஷன்ல 22 வருஷம் இருந்தவன், இப்போ ரிட்டயர்டு ஆயி பாறசாலையில இருக்கேன். மேசைக்கு அந்தப்பக்கம் எப்படி நடக்கும்ங்கறத சொல்லிடறேன், தம்பிக்கு உபயோகப்படும்.

டெக்னிக்கல் கமிட்டில மூணு பேரு இருப்பாங்க, பெரும்பாலும் அதுல ஒருத்தருக்குத்தான் பர்ச்சேஸ் விதி தெரியும். மத்த ரெண்டு பேரு கட்டில் அளவு, பைப்பு கனம் பாக்க வந்தவங்க. அவங்க முன்னாடி ஒரு செக்லிஸ்ட் இருக்கும், ஈஎம்டி உண்டா இல்லையா, இல்லைன்னா சர்டிபிகேட் உண்டா, வியாபாரியா தயாரிப்பாளரா. 46ங்கற கோட கண்டதும் ஒருத்தரு "டிரேடர்"னு சொல்லியிருப்பாரு, மத்தவங்க கையெழுத்து போட்டிருப்பாங்க. யாரும் தம்பிய கெடுக்கணும்னு உக்காந்து பண்ணினதா எனக்கு தோணல, ஆனா தப்புதான். பின்னால ஆடிட்டு வந்து "வியாபாரிக்கு எப்படி விலக்கு குடுத்தீங்க"ன்னு கேட்டா பதில் சொல்லணுமேங்கற பயம்தான் முக்கால்வாசி ரிஜெக்ஷனுக்கு காரணம். விலக்கு குடுத்து மாட்டினவன் உண்டு, குடுக்காம மாட்டினவன நான் பாத்ததில்ல.

அதனால எழுதும்போது அவங்களுக்கு ஆடிட்டுல காட்ட ஒரு காகிதம் கிடைக்கற மாதிரி எழுதணும். 2012-ல வந்த சிறு குறு தொழில் கொள்முதல் கொள்கை உத்தரவு, அது எம்எஸ்எம்இ சட்டம் 2006, 11-ம் பிரிவுப்படி போட்டது, அதுல டெண்டர் ஃபாரம் இலவசம், ஈஎம்டி விலக்கு ரெண்டும் இருக்கு. அடுத்தது ஜிஎஃப்ஆர் 2017, அதாவது மத்திய அரசோட பொது நிதி விதிகள், விதி 170, அதுலயும் அதே விலக்கு. இது ரெண்டையும் முதல் பாராவில போடுங்க. ரெண்டாம் பாராவில சர்டிபிகேட்டில மேஜர் ஆக்டிவிட்டி என்னன்னு, கேட்டிருக்கற பொருள் கட்டில், அது 31-ல வருது, நானே தயாரிக்கறேன்னு. கூட ஃபேக்டரி லைசன்ஸ் அல்லது பஞ்சாயத்து லைசன்ஸ், கரண்ட் பில், பைப்பு வாங்கின பில், பவுடர் கோட்டிங் மெஷின் பில் இதெல்லாம் வையுங்க. கரண்ட் பில்ல யாரும் யோசிக்க மாட்டாங்க, ஆனா ஒருத்தன் வெல்டிங் பண்றானா வாங்கி விக்கறானாங்கறதுக்கு அதவிட பெரிய சாட்சி இல்ல.

ஜெம்லயே ரிஜெக்ட் ஆனதுக்கு எதிரா ரெப்ரசென்டேஷன், அதாவது மறுபரிசீலனை மனு போட இடம் இருக்கு, டைம் ரொம்ப கம்மி, அதுல போட்டுட்டு அதே காகிதத்த வாங்கற ஆபீசருக்கு மெயில்லயும் அனுப்பிடுங்க. ஒருத்தர ஏன் நிராகரிச்சோம்னு கேட்டா காரணம் சொல்லணும்னு ஜிஎஃப்ஆர் விதி 173-லயே இருக்கு.

ஒண்ணு மட்டும் மனசுல பட்டத சொல்லிடறேன். ஈஎம்டிங்கறது சின்ன ஆள ஒழிக்க வந்த சாமான் இல்ல. விலக்கு வாங்கி எல்1, அதாவது இருக்கறதுலயே கம்மி விலைன்னு வந்துட்டு, ஸ்டீல் விலை ஏறிடுச்சுன்னு கைய விரிச்சிட்டு போன கம்பெனிய என் சர்வீஸ்ல பாத்திருக்கேன், ஸ்கூல் தொறக்கற நேரம், பிள்ளைங்க தரையில உக்காந்துச்சு, எங்ககிட்ட பிடிக்கறதுக்கு ஒரு ரூபாய் இல்ல. அதனால தம்பி ஜெயிச்சு ஆர்டர் கிடைச்சா 400 கட்டிலும் சொன்ன தேதிக்கு போய் சேரணும், அப்போதான் அடுத்த சின்ன பட்டறைக்காரனுக்கு அந்த ஆபீசில மரியாதை.

செங்கோட்டை வக்கீல்

சாருவாள் சொன்ன லெட்டர் ரொம்ப சரி. நான் ஆரியங்காவு தாண்டி கொல்லத்துலயும் எர்ணாகுளத்துலயும் கேஸ் நடத்துதேன், டெண்டர் கேஸு வருஷத்துக்கு நாலஞ்சு வரும். கொஞ்சம் நீளமா சொல்லுதேன், பொறுமையா படிங்க.

மொதல்ல ரெண்டையும் தனித்தனியா பிரிச்சுக்கிடணும். ஈஎம்டி விலக்குங்கறது பணம் கட்டறதுல வர்ற விலக்கு. டர்ன்ஓவர், முன் அனுபவம் இதெல்லாம் தகுதி. ஒண்ணுல விலக்கு இருந்தா இன்னொண்ணுலயும் இருக்கும்னு அர்த்தம் கிடையாது. பணத்துல வர்ற விலக்கு 2012 உத்தரவுல நேரடியா எழுதியிருக்கு. டர்ன்ஓவருலயும் அனுபவத்துலயும் தளர்வு குடுக்கறது தரமும் டெக்னிக்கல் விவரமும் சரியா இருந்தா செய்யலாம்னு வந்த சுற்றறிக்கைகள்ல இருந்து வர்றது, அத ஒவ்வொரு டெண்டருலயும் குடுக்கறதும் குடுக்காததும் வாங்கறவங்க முடிவு. ஜெம் பிட் டாக்குமென்ட்டு மொத பக்கத்துலயே எம்எஸ்இ ரிலாக்சேஷன் ஃபார் இயர்ஸ் ஆஃப் எக்ஸ்பீரியன்ஸ் அண்ட் டர்ன்ஓவர்னு ஒரு கட்டம் இருக்கும், எதிர்ல எஸ்ஸுன்னோ நோன்னோ போட்டிருக்கும். தம்பி அத பாத்தீங்களா? எனக்கு அதுதான் உறுத்துது.

இப்ப கோர்ட்டு. அரசாங்கம் தானே போட்ட தகுதிய தானே மீறக்கூடாதுங்கறது 1979-ல ரமணா தயாராம் ஷெட்டி கேஸ்ல உச்ச நீதிமன்றம் சொன்னது. பம்பாய் ஏர்போர்ட்டுல ரெஸ்டாரண்டும் ஸ்நாக் பாரும் நடத்தற டெண்டர், அஞ்சு வருஷ அனுபவம் உள்ள ரெண்டாம் தர ஓட்டல்காரர் வேணும்னு கேட்டிருந்தாங்க, அந்த தகுதி இல்லாதவருக்கு குடுத்துட்டாங்க. தப்புன்னு கோர்ட்டு சொல்லுச்சு, ஆனா கான்ட்ராக்ட்ட ரத்து பண்ணல. ஏன்னா கேஸ் போட்டவரு அஞ்சு மாசத்துக்கு மேல லேட்டா வந்தாரு, அதுக்குள்ள எதிராளி பணம் போட்டு கடைய அமைச்சுட்டாரு. சட்டம் ஜெயிச்சுது, வந்த ஆளுக்கு ஒண்ணும் கிடைக்கல. நகரி அண்ணாச்சி சொன்ன 40 நாளு கதை அதே கதைதான்.

ஈஎம்டி சம்பந்தமா படிக்க வேண்டியது 1991-ல வந்த போத்தார் ஸ்டீல் கேஸ். வாரணாசி டீசல் லோகோ ஒர்க்ஸ்ல பழைய இரும்பு விக்க டெண்டர். ஈஎம்டிய ரொக்கமாவோ ஸ்டேட் பேங்க் டிடியாவோ கட்டணும்னு ஷரத்து. இவங்க யூனியன் பேங்க் குடுத்த செக்க வெச்சாங்க, பேங்கே தன் கிளை மேல எழுதின செக்கு, பணம் வராம போக வழியே இல்ல. ஹைகோர்ட்டு தப்புன்னுச்சு, உச்ச நீதிமன்றம் இல்லன்னுச்சு. டெண்டர்ல முக்கியமான ஷரத்து வேற, அதுக்கு துணையா வர்ற ஷரத்து வேற, துணை ஷரத்துல சின்ன விலகல அதிகாரி மன்னிக்கலாம்னு சொல்லுச்சு. இத கேட்டதும் எல்லாரும் சந்தோஷப்படுதாங்க, ஆனா கவனமா பாருங்க, அங்க அதிகாரி ஏத்துக்கிட்டாரு, எதிராளிதான் கோர்ட்டுக்கு போனாரு. அதிகாரி ஏத்துக்கிடாதப்ப கதை மாறிரும். 2016-ல சென்ட்ரல் கோல்ஃபீல்ட்ஸ் கேஸ்ல பேங்க் கேரண்டி அவங்க குடுத்த ஃபார்மட்ல இல்லன்னு தூக்கினத உச்ச நீதிமன்றம் சரின்னுருச்சு. எது முக்கியம் எது துணைங்கறத டெண்டர் விட்டவங்கதான் தீர்மானிக்கணும், கோர்ட்டு அவங்க நாற்காலில உக்காரக்கூடாதுன்னு.

பொதுவா 1994 டாடா செல்லுலார்ல இருந்து இதே போக்குதான். 2006 ஜகதீஷ் மண்டல் கேஸ்ல ரெண்டே கேள்வி கேக்கச் சொல்லுச்சு. முடிவு கெட்ட எண்ணத்தோடவோ, ஒருத்தருக்கு சாதகமாவோ, எந்த அறிவுள்ள அதிகாரியும் எடுக்க மாட்டார்ங்கற அளவு தாறுமாறாவோ இருக்கா? பொதுநலன் பாதிக்கப்படுதா? ரெண்டுக்கும் இல்லைன்னா கோர்ட்டு தலையிடாது. 2022-ல என்ஜி ப்ராஜெக்ட்ஸ் கேஸ்ல இன்னும் ஒரு படி மேல போயி, டெண்டருக்கு ஸ்டே குடுக்கறதே முடிஞ்சவரைக்கும் வேண்டாம், தப்பு நடந்திருந்தா நஷ்டஈடு கேக்கட்டும்னு சொல்லிருச்சு. அதனால இன்னைக்கு போனா நாளைக்கு ஸ்டேன்னு யாராவது சொன்னா நம்பாதீங்க.

ஆனா தம்பி கேஸ் அப்படி மொத்தமா கைய விரிக்கிற கேஸ் இல்ல. ஷரத்து தப்புன்னு நீங்க சொல்லல, ஷரத்துல இருக்கற விலக்க எனக்கு குடுக்கலன்னுதான சொல்லுதீங்க. மேனுஃபேக்சரிங்னு அரசாங்கமே குடுத்த சர்டிபிகேட்ட வெச்சுக்கிட்டு வியாபாரின்னு எழுதறது ஆவணத்துக்கே விரோதம். இது நல்ல பாயிண்ட். மொதல்ல லெட்டர், பதில் வரலைன்னா அல்லது தப்பா வந்தா, விலை கவர் பிரிக்கறதுக்கு முன்னாடி எர்ணாகுளம் ஹைகோர்ட்டு. கோர்ட் ஃபீஸ் பெருசா ஒண்ணும் இல்ல, வக்கீல் ஃபீஸுதான் ஆளுக்கு ஆளு மாறும், மொதல்லயே பேசி எழுதி வாங்கிக்கிடுங்க. ரிட்டுல மத்த நாலு கம்பெனியையும் எதிர்மனுதாரரா சேக்கணும், சேக்காம போனா அதுலயே அடி வாங்குவீங்க.

பரதராமி ஒப்பந்தக்காரர்

குறுக்க வர்றதுக்கு மன்னிக்கணும். நான் குடியாத்தம் பக்கம் பரதராமி, ரோடு, காம்பவுண்டு சுவரு, கல்வெர்ட்டு வேலை எடுக்கறேன். எனக்கும் உத்யம் இருக்கு, சர்வீஸ்னு. மத்திய அரசு சிவில் வேலைக்கு ஈஎம்டி விலக்கு கேக்கலாமா? கேட்டு ஒரு தடவ ரிஜெக்ட் ஆயிடுச்சு.

செங்கோட்டை வக்கீல்

ஒர்க்ஸ் கான்ட்ராக்டுக்கு வராதுங்க. 2012 பாலிசி பொருள் தயாரிக்கறவங்களுக்கும் சேவை தர்றவங்களுக்கும்தான், ஒர்க்ஸுக்கு இது பொருந்தாதுன்னு எம்எஸ்எம்இ அமைச்சகமே தன்னோட கேள்வி பதில்ல சொல்லியிருக்கு. கட்டுமானத்துல சரக்கும் வேலையும் கலந்து வருதுல்லா, அதனால. சில டெண்டர்ல அவங்களா விலக்கு குடுத்திருந்தா அது வேற, டாக்குமென்ட்டுல எழுத்துல இருக்கான்னு பாருங்க. இல்லைன்னா ஈஎம்டி கட்டிட்டு போடறதுதான் நல்லது, அந்த வாதத்துக்காக வேலைய விடாதீங்க.

கோபாலபுரம் பொள்ளாச்சி

நான் தமிழ்நாட்டுப் பக்கம்ங்க, செக்போஸ்ட்டுல இருந்து அர கிலோமீட்டர். எங்க பட்டறையில நின்னா கேரளா தென்னந்தோப்பு தெரியும். ஸ்கூலுக்கு விளையாட்டு சாமான், ஸ்டீல் போஸ்ட்டு, நெட்டு சப்ளை பண்றோம். ரெண்டு மாசத்துக்கு முன்னாடி அந்தப்பக்கம் ஒரு மாநில அரசு ஆபீஸ் டெண்டர்ல உத்யம் வெச்சு விலக்கு கேட்டா மத்திய அரசு சலுகை இங்க செல்லாதுன்னுட்டாங்க. அதோட கேரளாவுலயே மூணு வருசம் அரசுக்கு சப்ளை பண்ணிருக்கணும்னு வேற ஒரு ஷரத்து. நாங்க கோயமுத்தூர், திருப்பூர் ஜில்லா பூராவும் ஸ்கூலுக்கு குடுத்திருக்கோம், அதெல்லாம் கணக்குலயே வராதுன்னா என்னங்க நியாயம்? அரை கிலோமீட்டர் தள்ளி பொறந்தது தப்பா?

செங்கோட்டை வக்கீல்

இதுல ஒண்ணுல அவங்க சரி, ஒண்ணுல நீங்க சரி.

2012 பாலிசி மத்திய அமைச்சகங்கள், துறைகள், மத்திய பொதுத்துறை நிறுவனங்கள் இவங்களத்தான் கட்டுப்படுத்தும். மாநில அரசுக்கு அவங்கவங்க விதி தனி. தமிழ்நாட்டுக்கு 1998 டெண்டர் வெளிப்படைத்தன்மை சட்டமும் 2000 விதிகளும், கேரளாவுக்கு ஸ்டோர்ஸ் பர்ச்சேஸ் மேனுவல். அதுல உள்ளூர் சிறுதொழிலுக்குன்னு இருக்கற சலுகைய பக்கத்து ஸ்டேட்டுக்காரர் கேட்டு வாங்க முடியாது. எல்லையில இருக்கற நம்மாளுங்களுக்கு இதுதான் பெரிய கஷ்டம், ஒரே உத்யம் நம்பர், வாளையாறு தாண்டினா மதிப்பு வேற.

ஆனா எங்க ஸ்டேட்டுல மட்டும் சப்ளை பண்ணிருக்கணுங்கற ஷரத்து வேற விஷயம். 2025 அக்டோபர்ல வினிஷ்மா டெக்னாலஜிஸ் கேஸ்ல உச்ச நீதிமன்றம் சட்டீஸ்கர் அரசு டெண்டர்ல இருந்த அதே மாதிரி ஷரத்த ரத்து பண்ணிருச்சு. பாருங்க, அதுவும் ஸ்கூல் பிள்ளைங்களுக்கு விளையாட்டு கிட் வாங்கற டெண்டர்தான். கடந்த மூணு வருஷத்துல சட்டீஸ்கர் அரசு ஏஜென்சிகளுக்கு 6 கோடிக்கு சப்ளை பண்ணிருக்கணும்னு போட்டிருந்தாங்க. ஹைகோர்ட்டு தள்ளுபடி பண்ணினத உச்ச நீதிமன்றம் மாத்தி, வேற மாநிலத்துல நல்லா சப்ளை பண்ணவங்கள காரணமில்லாம வாசல்லயே நிறுத்தறது சமநிலைய கெடுக்குது, தொழில் செய்யற உரிமைக்கும் விரோதம்னு சொல்லுச்சு. விளையாட்டு சாமான் சப்ளை பண்ண அந்த ஊரு நிலவரம் தெரிஞ்சிருக்கணும்னு என்ன அவசியம்? அதனால உங்களுக்கு அடுத்த டெண்டர்ல அதே ஷரத்து வந்தா, பிட் போடற தேதிக்கு முன்னாடியே இந்த தீர்ப்ப சொல்லி ஆட்சேபம் எழுதுங்க. தோத்த பிறகு எழுதறதுக்கு மதிப்பு இல்ல.

கட்டில்பட்டறை கொழிஞ்சாம்பாறை

எல்லாருக்கும் கோடி நன்றிங்க. அன்னைக்கு ராத்திரியே என் மகளும் நானும் ஒக்காந்து லெட்டர் அடிச்சோம், பாறசாலை சார் சொன்ன மாதிரியே கரண்ட் பில்லு 12 மாசத்துது, பைப்பு பில்லு, பவுடர் கோட்டிங் ஓவன் முன்னாடி நான் நிக்கற போட்டோ எல்லாம் வெச்சு ராத்திரி 1 மணிக்கு ஜெம்ல போட்டு மெயிலும் அனுப்பினோம்.

எட்டு நாள் கழிச்சு இன்னைக்கு பதில் வந்துச்சு. ஈஎம்டி விலக்கு ஒத்துக்கிட்டாங்க. தயாரிப்பாளர்னு எழுத்துல குடுத்திருக்காங்க. அத படிச்சுட்டு என் பொண்டாட்டிய கூப்பிட்டு காட்டினேன். ஆனா அடுத்த பாராவுல, மறுபடி பரிசீலிச்சதுல மூணு வருச சராசரி டர்ன்ஓவர் 1 கோடி 20 லட்சம் இல்லாததால தகுதி இல்லைன்னு திரும்பவும் ரிஜெக்ட்டு பண்ணிட்டாங்க. வக்கீல் சார் கேட்ட அந்த கட்டத்த பிட்ல தேடி பாத்தேனுங்க, நோன்னுதான் இருக்கு. மொத பக்கம். நான் ஈஎம்டி வரிய மட்டும் பாத்துட்டு மிச்சத்த பாக்கல.

ஒரே ஒரு சந்தேகம். மொத தடவ ரிஜெக்ட் பண்றப்ப டர்ன்ஓவர் பத்தி ஒரு வார்த்தை சொல்லல. மொதல்ல சொல்லாத காரணத்த இப்ப சொல்லலாமுங்களா? இத வெச்சு கோர்ட்டுக்கு போனா?

செங்கோட்டை வக்கீல்

நீங்க கேக்கறது நியாயமான கேள்வி. ஒரு உத்தரவுல என்ன காரணம் எழுதியிருக்கோ அதுலதான் அது நிக்கணும், பின்னால கோர்ட்டுக்கு வந்து அஃபிடவிட்ல புதுக் காரணம் சேக்கக்கூடாதுன்னு 1977-ல மொகிந்தர் சிங் கில் கேஸ்ல உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கு. ஆனா இங்க அவங்க அஃபிடவிட்ல சேக்கல. உங்க மனுவ ஏத்து, பழைய முடிவ எடுத்துட்டு, மறுபடி பரிசீலிச்சு புது உத்தரவு போட்டிருக்காங்க. புது உத்தரவுல புதுக் காரணம் வரலாம். கோர்ட்டு அதுல தப்பு காண்றது கஷ்டம், ஏன்னா டர்ன்ஓவர் உண்மையிலயே உங்ககிட்ட இல்ல.

சரி, அந்த டர்ன்ஓவர் ஷரத்தயே எதிர்க்கலாமான்னா, 2004-ல எஜுகாம்ப் கேஸ்லயே டெல்லி ஸ்கூல் கம்ப்யூட்டர் டெண்டர்ல 20 கோடி டர்ன்ஓவர் கேட்டத உச்ச நீதிமன்றம் ஏத்துக்கிட்டுருச்சு, டெண்டர் ஷரத்து கான்ட்ராக்ட் சம்பந்தப்பட்டது, அதுல நாங்க வரமாட்டோம்னு. சிறுதொழிலுக்குன்னு பாத்தா 2025 பிப்ரவரில லைஃப்கேர் இன்னோவேஷன்ஸ் கேஸ் ரொம்ப முக்கியம். சின்ன மருந்து கம்பெனி, டர்ன்ஓவர் ஷரத்தால வெளிய நின்னவங்க. 2012 உத்தரவு வெறும் சலுகை இல்ல, சட்டத்தோட பலம் உள்ளது, அத அமல்படுத்தறது கடமைன்னு கோர்ட்டு தெளிவா சொல்லுச்சு. வருஷ கொள்முதல்ல 25 சதவீதம் சிறு குறு தொழில்ல இருந்து வாங்கணுங்கறதும் அதுல சேத்தி. கண்ணமூடி போடற டர்ன்ஓவர் ஷரத்து இந்த நோக்கத்தையே கெடுத்துரும்ங்கறதையும் கவனிச்சுது. ஆனா அந்த ஷரத்த தானே அடிச்சு போடல, அந்த உத்தரவுப்படி அமைஞ்ச ரிவ்யூ கமிட்டி பாத்து வழிமுறை சொல்லணும்னு அனுப்பிருச்சு. தனியா ஒரு கம்பெனி வந்து எனக்கு இந்த ஆர்டர குடுன்னு கேக்கற உரிமை இதுல இல்லைன்னும் சொல்லியிருக்கு. எனக்கு தனிப்பட்ட முறையில இதுல வருத்தம் உண்டு, கடமைன்னு சொன்னா அத வாங்க ஒரு கை வேணும்லா. ஆனா இன்னைய தேதிக்கு சட்டம் இதுதான்.

அதுக்கு மேல, மொத பக்கத்துல நோன்னு இருந்தத ஆட்சேபிக்காம பிட் போட்டுட்டீங்க. கோர்ட்டு மொதல்ல அதத்தான் கேக்கும். உங்க காச வாங்கிட்டு கேஸ் போட எனக்கு மனசு வரல. இந்த டெண்டர விட்டுருங்க. கையில இருக்கற அந்த லெட்டர பத்திரமா வையுங்க, ஒரு மத்திய அரசு ஆபீஸ் உங்கள தயாரிப்பாளர்னு எழுத்துல ஒத்துக்கிட்ட காகிதம் அது.

நகரி தறிக்காரர்

அந்த 46ங்கற கோட உத்யம் போர்ட்டல்ல போயி எடுத்துடு தம்பி, அப்டேட் பண்ண காசு கெடையாது. பிளாஸ்டிக் சேர் வித்து என்ன பெருசா வந்துடப் போகுது. நான் மாத்தினப்பறம் அதே வருசம் ரெண்டு டெண்டர்ல விலக்கு குடுத்தாங்க, ஒண்ணு கெடச்சுது, 1,800 பெட்ஷீட்டு.

பாறசாலை ரிட்டயர்டு

அடுத்த பிட்ல அந்த கட்டத்துல நோன்னு இருந்தா, பிட் முடியற தேதிக்கு குறைஞ்சது ஒரு வாரம் முன்னாடி வாங்கற ஆபீசருக்கு எழுதுங்க. இது சாதாரண பொருள், இதுல உயிருக்கோ பாதுகாப்புக்கோ ஆபத்து இல்ல, டர்ன்ஓவர்ல தளர்வு குடுக்கறதால தரம் குறையாது, வேணும்னா ஒரு சாம்பிள் கட்டில் முன்னாடியே கொண்டுவந்து காட்டறேன்னு எழுதுங்க. நான் சர்வீஸ்ல இருந்தப்போ அப்படி வந்த லெட்டருக்காக மூணு தடவ கொரிஜண்டம், அதாவது டெண்டர் திருத்தம் போட்டிருக்கோம். யாரும் கேக்காத ஷரத்து பழைய டெண்டர்ல இருந்து அப்படியே காப்பி ஆயி வந்துட்டே இருக்கும், யாராவது கேட்டாதான் அத யாரு போட்டாங்கன்னே யோசிப்பாங்க.

கட்டில்பட்டறை கொழிஞ்சாம்பாறை

கோடு எடுத்துட்டேனுங்க, இப்ப 31 மட்டும்தான் இருக்கு. இன்னைக்கு இன்னொரு பிட் கண்ணுல பட்டுச்சு, 150 கட்டில், 26 தேதி கடைசி, டர்ன்ஓவர் கட்டத்துல மறுபடியும் நோ. மகள் லெட்டர் அடிச்சுட்டு இருக்கா. சாம்பிள் கட்டில் ஒண்ணு கோட்டிங் போட்டு ஷெட்டு வாசல்ல காயுது, கேட்டா அடுத்த நாளே வண்டியில ஏத்திக்கிட்டு போயிருவேன். பதில் வந்தா இங்கயே போடறேன்.